முன்பின் தெரியாதவர்கள்

பேருந்தின் முதல் படியில் கால் வைத்ததும் அக்கா தன் மகளைப் பார்த்து, "வணக்கம்ங்க" என்றாள். மகள் டிக்கெட்டை வாங்கி ஓரத்தைக் கிழித்துத் திருப்பிக் கொடுத்துவிட்டு, "வாங்கம்மா, பாத்து ஏறுங்க, படி ஈரமா இருக்கு" என்றாள். அம்மா என்பது வழியில் போகிற எந்தப் பெண்ணையும் கூப்பிடக்கூடிய சொல்தான். ஆனாலும் அக்கா திடுக்கிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள். குட்டு வெளிப்பட்டுவிட்டது, இனி என்ன செய்வது என்று கேட்கிற முகம். நான் பின்னாலிருந்து முழங்கையால் இடித்து அவளை உள்ளே தள்ளினேன். எனக்குப் பின்னால் என் மனைவி. அவளுக்குப் பின்னால் அக்காவின் கணவர், என் அத்தான், தோள்பட்டையில் இறுக்கிப் பிடித்த என்னுடைய கோட்டுக்குள் கையைத் தொங்கவிடவும் முடியாமல் மடக்கவும் முடியாமல் நின்றிருந்தார். மகளிடம் டிக்கெட்டை நீட்டும்போது அவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை, ஓட்டுநரின் ஸ்டீயரிங்கைப் பார்த்தார். அவளும் அவரைப் பார்க்கவில்லை, டிக்கெட்டைப் பார்த்தாள். முன்பின் தெரியாத இருவர்கூட அவ்வளவு கவனமாக ஒருவரையொருவர் தவிர்க்க மாட்டார்கள்.

விஷயம் இதுதான். எங்கள் ஊர் வடக்கே இருக்கிறது. வெயில் காலத்தில் தெற்கிலிருந்து கூட்டம் கூட்டமாக வந்து பார்த்துவிட்டுப் போவார்கள். குளிர் ஆரம்பித்ததும் ஊர் எங்களிடம் திரும்பி வந்துவிடும். அப்படி வருகிறவர்களுக்கு அரை நாளில் ஊரைச் சுற்றிக் காட்டுகிற பேருந்து ஒன்று ஓடுகிறது. அதில் கைடாகச் சேர வேண்டுமானால் ஒரு சோதனைப் பயணம் உண்டு. மேற்பார்வை பார்க்கிற அம்மாள் ஒருவர் கடைசி இருக்கையில் உட்கார்ந்து வருவார். அவருக்குப் பிடித்தால் வேலை. பிடிக்காவிட்டால் இன்னொரு வாய்ப்பு தருவார்கள், அதற்கு மேல் கிடையாது. அக்கா மகளுக்கு முதல் வாய்ப்பு போய்விட்டது. எல்லாவற்றையும் மணிமணியாகச் சொல்லிக்கொண்டு வந்தவளிடம் அந்த அம்மாள், "அந்த வீட்டு ஜன்னல்லாம் ஏன் இவ்வளவு சின்னதா இருக்கு?" என்று கேட்டிருக்கிறார். அது அவள் மனப்பாடம் செய்ததில் இல்லை. அடுத்த நிறுத்தம் வரும்வரை வாய் திறக்காமல் நின்றாளாம். மருந்துப் பெட்டி அடுக்குகிற கிடங்கில் இருந்த வேலையை அதற்கு முன்பே விட்டிருந்தாள். அங்கே அவள் நின்ற இடத்தில் இப்போது வேறு பெண் நிற்கிறாள்.

இரண்டாவது வாய்ப்பு வந்தபோது குளிர் வந்துவிட்டது. பாதி இருக்கையாவது நிறையாமல் பேருந்தை எடுக்க மாட்டார்கள். பதிவு செய்திருந்தவர்கள் ஒரு புதுமணத் தம்பதி, ஒரு வயதான அண்ணன் தங்கை, சாயங்கால ரயிலுக்கு நேரமிருக்கிறதே என்று ஏறுகிற ஒரு விற்பனைக்காரர், அவ்வளவுதான். இப்படியே விட்டால் அடுத்த வெயில் காலம்தான். ஆகவே நாங்கள். ஆனால் சொந்தக்காரர்களை ஏற்றக்கூடாது என்று விதி. முன்பு யாரோ ஒருவர் தன் சித்தப்பா பெரியப்பா வகையறாவை மொத்தமாக ஏற்றிக்கொண்டு வந்து நிறுத்தத்துக்கு நிறுத்தம் கைதட்ட வைத்தாராம்.

முந்தைய நாள் மாலை அக்கா மகள் எங்கள் எல்லோரையும் உட்கார வைத்து வகுப்பெடுத்தாள். "உங்க யாருக்கும் என்னத் தெரியாது. நீங்க ஊரு பாக்க வந்தவங்க. நடுவுல யாராச்சும் பாப்பான்னு கூப்பிட்டீங்க, அவ்வளவுதான், நான் ஆத்துல குதிச்சிடுவேன்."

"பின்ன எப்படிடி கூப்பிடறது?" என்றாள் அக்கா.

"கூப்பிடவே வேணாம்மா. நான்தான் பேசிக்கிட்டே இருப்பேனே."

"அது என்னமோ உண்ம" என்றாள் என் மனைவி.

பிறகு அவள் தன் அப்பாவிடம் திரும்பினாள். "அப்பா, நீங்க அந்த ஜாக்கெட்ட மட்டும் போட்டுக்கிட்டு வந்துடாதீங்க." அத்தானுக்கு இருக்கிற ஒரே கனமான மேல்சட்டை அதுதான். முதுகில் லிஃப்ட் கம்பெனியின் பெயர் பெரிதாக இருக்கும். "அப்பா வேலைன்னு விண்ணப்பத்துல அதத்தான் எழுதியிருக்கேன், அந்தம்மா பாத்தா கண்டுபிடிச்சிடுவாங்க" என்று காரணத்தையும் சேர்த்துத்தான் சொன்னாள். அத்தான் "சரிம்மா" என்று எழுந்து போய், நாற்காலியில் கிடந்த ஜாக்கெட்டை எடுத்து ஆணியில் மாட்டினார். மாட்டிய பிறகு அதன் தோளை ஒருமுறை தட்டிவிட்டார். வாக்கியத்தின் முதல் பாதிதான் அவரிடம் போய்ச் சேர்ந்தது என்று எனக்குத் தோன்றியது.

நாங்கள் நன்றாக நடிப்போம் என்றுதான் நினைத்திருந்தோம். நடிப்பில் எந்தக் குறையும் இல்லை. குறை வேறு இடத்தில் இருந்தது, அது எங்கள் யாருக்கும் தோன்றவில்லை.

இரண்டு மாதமாக அவள் வீட்டில்தான் பழகினாள். அடுப்புக்கும் ஃபிரிஜ்ஜுக்கும் நடுவே கரண்டியை மைக்காகப் பிடித்துக்கொண்டு நிற்பாள். சோபா பேருந்து. டிவி பழைய சுங்க மாளிகை. ஃபிரிஜ் நீதிமன்றம். துணி காயப்போடுகிற ஸ்டாண்டு ஆற்றுப் பாலம். அத்தான் தளபதி சிலை. ஒரு கையை முன்னே நீட்டிக்கொண்டு உட்கார வேண்டும், சில நாள் அந்தக் கையில் டீ இருக்கும். கடையை அடைத்துவிட்டு (நான் மூக்குக் கண்ணாடிக் கடையில் வேலை செய்கிறேன்) அந்தப் பக்கம் போனால் என்னையும் பிடித்து சோபாவில் உட்கார வைத்துவிடுவாள். "உங்கள் இடது கைப் பக்கம் பாருங்கள்" என்பாள், நாங்கள் ஃபிரிஜ்ஜைப் பார்ப்போம். "வானத்தைத் தாங்குவதுபோல் நிற்கும் பன்னிரண்டு தூண்கள்" என்பாள். அத்தான் ஒருநாள், "தூணா? கோர்ட்டுக்கா? நான் பாத்ததில்லயே" என்றார். அவர் வேலை செய்யாத பெரிய கட்டடம் இந்த ஊரில் இல்லை. ஆனால் லிஃப்ட் பழுது பார்க்கிறவர் பின்பக்கச் சந்து வழியாகப் போய், குப்பைத் தொட்டிகளைத் தாண்டி, மேலே மோட்டார் அறைக்கு ஏறி, அதே வழியாக இறங்கி வருகிறவர். அன்று எல்லோரும் சிரித்தோம். கேட்டுக் கேட்டு அவளுடைய பேச்சு எங்கள் உடம்பிலேயே ஊறிவிட்டது. அக்கா பாத்திரம் கழுவும்போது முணுமுணுப்பது சுங்க மாளிகையின் வரலாறாகத்தான் இருக்கும்.

பேருந்து புறப்பட்டது. அவள் எல்லோருக்கும் வணக்கம் சொன்னாள், குரல் நடுங்கவில்லை. முதல் திருப்பம் வந்தது. ஆற்றங்கரைச் சாலையில் ஏறினோம். "சுமார் இருநூறு ஆண்டுகளுக்கு முன்பு கப்பல்கள் நேராக இங்கே வந்து நின்றன" என்று அவள் சொல்லி முடித்ததும் அக்கா, அத்தான், நான், என் மனைவி, நாங்கள் துணைக்கு அழைத்து வந்திருந்த கீழ் வீட்டுக்காரர், அவர் மனைவி, எல்லோரும் ஒரே வீச்சில் இடது பக்கம் திரும்பினோம்.

அவள் இன்னும் இடது பக்கம் பார்க்கச் சொல்லவில்லை. அங்கே அப்போது ஒரு டயர் கடைதான் இருந்தது.

புதுமணத் தம்பதி எங்களைப் பார்த்தார்கள், பிறகு என்னவோ ஏதோ என்று அவர்களும் டயர் கடையைப் பார்த்தார்கள். ஓட்டுநர் கண்ணாடியில் எங்களைப் பார்த்தார். அவள் ஒரு விநாடி தடுமாறி, "உங்கள் இடது கைப் பக்கம் பாருங்கள்" என்றாள். அதற்குள் சுங்க மாளிகை வந்து சேர்ந்தது.

"ஏன் எல்லாரும் முன்னாடியே திரும்பறீங்க?" என்று நான் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டேன்.

"நீயும்தானே திரும்பின?" என்றாள் அக்கா.

அதன் பிறகு திரும்பாமல் இருப்பதுதான் எங்கள் வேலையாக இருந்தது. அது லேசான காரியமில்லை. ஒரு பாட்டில் அடுத்த வரி வரப்போகிறதென்று தெரிந்தும் தலையாட்டாமல் இருப்பது மாதிரி. கழுத்து தானாகப் போகும், இழுத்துப் பிடிக்க வேண்டும். நீதிமன்றம் வந்தபோது கீழ் வீட்டுக்காரர் மிகவும் எச்சரிக்கையாக இருந்து, அவள் பாருங்கள் என்று சொன்ன பிறகும் நேராகவே பார்த்துக்கொண்டிருந்தார். அத்தான் மட்டும் எங்கள் கணக்கையெல்லாம் மறந்துவிட்டார். ஜன்னல் கண்ணாடியில் நெற்றியை ஒட்டிக்கொண்டு தூண்களைக் கீழிருந்து மேலாகப் பார்த்தார். "இதா அது?" என்றார் என்னிடம் மெதுவாக. "இதுக்குள்ள எத்தன வாட்டி போயிருக்கேன் தெரியுமா. ரெண்டாவது லிஃப்ட் மழை பேஞ்சா நின்னுடும்." அக்கா அவர் தொடையைக் கிள்ளினாள். அவர் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை.

தளபதி சிலைக்கு ஒரு நகைச்சுவை உண்டு. குதிரைமேல் உட்கார்ந்து கையை நீட்டியிருக்கும் தளபதி படைக்கு வழிகாட்டுகிறார் என்று பாடப் புத்தகம் சொல்லும், ஊர்க்காரர்களைக் கேட்டால் மழை விட்டுவிட்டதா என்று பார்க்கிறார் என்பார்கள். எங்கள் ஊர் மழையில் நனைந்தவர்களுக்கு அது சிரிப்பாக இருக்கும். அவள், "ஆனால் ஊர்க்காரர்களைக் கேட்டால்" என்று சொல்லி மூச்சு வாங்க நிறுத்திய இடத்தில் என் மனைவி சிரித்துவிட்டாள். என் மனைவியின் சிரிப்பு சின்னச் சிரிப்பில்லை. கல்யாணமான புதிதில் அதைக் கேட்டு என் கடை முதலாளி உள்ளேயிருந்து ஓடி வந்திருக்கிறார்.

"என்னம்மா சிரிப்பு?" என்று ரயிலுக்குக் காத்திருந்த விற்பனைக்காரர் திரும்பிக் கேட்டார்.

"இல்ல, குதிரைய நெனச்சேன்" என்றாள்.

நான் மெல்லத் திரும்பிக் கடைசி இருக்கையைப் பார்த்தேன். மேற்பார்வை அம்மாள் அணிந்திருந்தது தூரத்துக்கும் கிட்டத்துக்கும் சேர்த்துச் செய்கிற கண்ணாடி. அதைப் போட்டவர்கள் கிட்டத்தில் இருப்பதைப் பார்க்க மோவாயைத் தூக்குவார்கள், தூரத்துக்குத் தாழ்த்துவார்கள். வாசல் பக்கம் மைக்கோடு நிற்கிற பெண்ணைப் பார்ப்பதானால் மோவாய் தாழ்ந்திருக்க வேண்டும். அந்த அம்மாளின் மோவாய் லேசாகத் தூக்கியிருந்தது. அவர் பார்த்துக்கொண்டிருந்தது எங்கள் பிடரிகளை.

இது போதாதென்று கீழ் வீட்டுக்காரர். அவரிடம் ஒரு கேள்வி ஒப்படைக்கப்பட்டிருந்தது. நூலகத்தின் கூம்பு மாடத்தைக் காட்டியதும், "இத யாரு கட்டினதுங்க?" என்று கேட்க வேண்டும். அவள் பதிலை வைத்திருந்தாள். ஆனால் அன்றைக்கு நூலகத்துக்கு முன்னால் எல்லா சிக்னலும் பச்சையாக விழுந்துவிட்டது. அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு ஆயத்தமாவதற்குள் மாடம் பின்னால் போய்விட்டது. கேட்காமல் போனால் நம்பிக்கைத் துரோகம் ஆகிவிடும் என்று நினைத்தாரோ என்னவோ, எழுந்து நின்றே கேட்டார். அப்போது ஜன்னலுக்கு வெளியே இருந்தது ஆறு.

"ஆறுங்களா?" என்றாள் அவள்.

புதுமணப் பெண் கணவனின் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு குலுங்கினாள். அக்கா மகளும் சிரிக்காமல் இருக்க உதட்டைக் கடித்தாள். அதைப் பார்க்க எனக்கு ஆறுதலாக இருந்தது. பயந்தவள் அப்படிக் கடிக்க மாட்டாள்.

பாலத்துக்கு வந்தோம். பாலம் அடைத்திருந்தது. சுமையேற்றிய லாரி ஒன்று நடுவில் அச்சு முறிந்து நின்றது, காவலர் ஒருவர் கையை வீசி எல்லோரையும் திருப்பிவிட்டுக்கொண்டிருந்தார். ஓட்டுநர் ஏதோ முணுமுணுத்துவிட்டு வண்டியைக் கீழ்ச்சாலையில் இறக்கினார். அவளுடைய பேச்சில் பாலம்தான் மிக நீளமான பகுதி. அதைக் கட்டியபோது வந்த வெள்ளம், தூக்கிய இரும்பு, திறந்துவைத்த நாளில் நடந்த ஊர்வலம் எல்லாம் இருக்கும். அந்த ஸ்டாண்டுக்கு முன்னால் நின்று அவள் அதைச் சொல்லும்போது நாங்கள் ஈரத் துணியையே பார்த்துக்கொண்டிருப்போம். இப்போது பாலம் இல்லை. பாலத்தைச் சுற்றிக்கொண்டு போகிற வழியோ எங்கள் பேட்டை வழியாகப் போகிறது.

வண்டி எங்கள் தெருவில் திரும்பியபோதுதான் அக்காவுக்கு அது உறைத்தது. "ஐயையோ" என்றாள். மளிகைக் கடை, சைக்கிள் கடை, தண்ணீர்க் குழாய் உடைந்து ஒட்டுப்போட்ட சுவர், வரிசையாக ஒரே மாதிரி நாலு மாடிக் கட்டடங்கள். எல்லாப் பால்கனியிலும் துணி. எங்களுக்கு முன்னால் கரி மூட்டை ஏற்றிய வண்டி ஒன்று ஆடி அசைந்து போனது, அதைத் தாண்ட இடமில்லை. பேருந்து நடக்கிற வேகத்தில் ஊர்ந்தது. அவள் மைக்கை வாயருகே வைத்தபடி நின்றாள். மைக்கின் இரைச்சல் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது. போன தடவை நின்றது இப்படித்தான் என்று எங்கள் எல்லோருக்கும் தெரிந்தது. நான் அவள் கையைப் பார்த்தேன். விரல் நுனிகள் வெளுத்திருந்தன. அத்தான் குனிந்து தன் காலணிகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். மனப்பாடத்தில் இல்லாத இடத்தில் எங்களில் யாராலும் அவளுக்கு உதவ முடியாது. அவளைவிட நன்றாக எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் அவள் பேச்சு மட்டும்தான்.

"இங்க பாக்கறதுக்கு என்ன இருக்கு?" என்றார் விற்பனைக்காரர். "டிரைவர், வேற வழி இல்லையா?"

"பறந்துதான் போகணும்" என்றார் ஓட்டுநர்.

அக்கா எழுந்து நின்றாள். முன் இருக்கையின் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். கடைத்தெருவில் புதிதாக ஒருவரிடம் வழி கேட்கிற குரலில், "ஏங்க மேடம், இந்தப் பக்கமெல்லாம் யாருங்க குடியிருக்காங்க?" என்றாள்.

அது நாங்கள் ஒத்திகை பார்த்த கேள்வி இல்லை. அவள் தன் அம்மாவைப் பார்த்தாள். காலையிலிருந்து அப்போதுதான் முதல் தடவையாக நேராகப் பார்த்தாள்.

"இங்கயா..." மைக்கில் அவள் மூச்சு கேட்டது. "இங்க வேலைக்குப் போறவங்க இருக்காங்கம்மா."

"என்ன வேலைங்க?"

"இப்ப பாத்தோமே, கோர்ட்டு. அதோட தரையக் கழுவறவங்க அந்தப் பச்சக் கதவு வீட்ல இருக்காங்க. லைப்ரரில ராத்திரி காவல் இருக்கறவர் வீடு இது. இப்பத்தான் படுத்திருப்பார். அண்ணே, ஹாரன் அடிச்சிடாதீங்க." ஓட்டுநர் ஹாரனிலிருந்து கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அவள் குரல் மாறிவிட்டிருந்தது. வீட்டில் கரண்டியோடு பேசுகிற குரல்கூட இல்லை, வேலை விட்டு வந்து கால் நீட்டி உட்கார்ந்து கிடங்கில் நடந்ததைச் சொல்கிற குரல். "அதோ அந்த மேல் மாடி, நீலப் பொடவை காயுது பாருங்க. அந்த வீட்டம்மா ஆஸ்பத்திரி சலவைப் பிரிவுல இருக்காங்க. ஊர்ல யாரு படுத்துக் கெடந்தாலும் அவங்க மேல போத்தற போர்வை இவங்க மடிச்சதுதான். அவங்க வீட்ல மட்டும் காலைல ஒரு போர்வைய யாரும் மடிக்க மாட்டாங்க."

"அதெல்லாம் மடிப்பாங்க" என்றாள் அக்கா.

"எப்பவாச்சும் விருந்தாளி வந்தா மடிப்பாங்க" என்று அவள் ஒத்துக்கொண்டாள். "அதே வீட்ல ஒரு லிஃப்ட் மெக்கானிக் இருக்கார். நீங்க இன்னிக்குப் பாத்த உசரமான கட்டடம் அத்தனையிலயும் ஜனங்க மேல போறதும் கீழ வர்றதும் அவரு கையிலதான் இருக்கு. தெனம் வேல முடிஞ்சு வந்து நாலு மாடியும் நடந்துதான் ஏறுவார். அந்தக் கட்டடத்துல லிஃப்ட் கெடையாது."

முதலில் சிரித்தது விற்பனைக்காரர்தான். பிறகு புதுமணத் தம்பதி, பிறகு அந்த வயதான தங்கை, அவள் காதோடு திருப்பிச் சொன்னதும் அண்ணன். நாங்கள் கடைசியில் சிரித்தோம், ஏனென்றால் இதை நாங்கள் கேட்டதே இல்லை. வருஷக்கணக்காக அந்தப் படிகளில் அவரோடு ஏறியிருக்கிறோம், இதில் சிரிக்க ஒன்று இருப்பது எங்களுக்குத் தெரிந்ததில்லை. அத்தான் சிரிக்கவில்லை. அவருடைய காது மடல்கள் சிவந்திருந்தன.

அக்கா உட்காரவில்லை. "அவங்கல்லாம் இந்த ஊரச் சுத்திப் பாத்திருப்பாங்களாங்க?" என்று கேட்டாள். இந்தத் தடவை அவள் நடிக்கவில்லை, அல்லது நடிப்பதற்கும் நடிக்காததற்கும் நடுவே எங்கோ நின்று கேட்டாள்.

"இல்லம்மா. லீவு விட்டா துணி தொவைக்கணும், தூங்கணும். லீவே விட மாட்டாங்க அது வேற. அந்த மெக்கானிக் எல்லாக் கட்டடத்துக்கும் பின்னாடி சந்து வழியாத்தான் போயிருக்கார். முன்னாடி தூண் இருக்கறதே அவருக்குத் தெரியாது." மைக்கை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினாள். "யாராச்சும் அவங்களக் கூட்டிட்டு வந்து காட்டணும்."

"அந்த மெக்கானிக்க உங்களுக்கு எப்படித் தெரியும்?"

குரல் கடைசி இருக்கையிலிருந்து வந்தது. புறப்பட்டதிலிருந்து அந்த அம்மாள் வாய் திறந்தது அப்போதுதான். குரல் கடுமையாக இல்லை. கடுமையாக இருந்திருந்தால் எங்களுக்கு இவ்வளவு பயம் வந்திருக்காது.

கரி வண்டி நின்றுவிட்டது, பேருந்தும் நின்றது. அவள் எங்கள் தலைகளுக்கு மேலாகக் கடைசி இருக்கையைப் பார்த்தாள். பக்கத்து வீடு என்று சொல்லலாம், கேள்விப்பட்டேன் என்று சொல்லலாம். நானாக இருந்தால் அப்படித்தான் சொல்லியிருப்பேன்.

"எங்க அப்பாங்க" என்றாள்.

நாங்கள் யாரும் அத்தான் பக்கம் திரும்பவில்லை. காலையிலிருந்து கழுத்தோடு நாங்கள் நடத்திய போரில் அதுதான் பெரிய போர். அக்கா கம்பியைப் பிடித்தபடி கூரையைப் பார்த்தாள். கீழ் வீட்டுக்காரர் கண்ணை மூடிக்கொண்டார். என் மனைவியின் கை என் மணிக்கட்டை நெரித்தது. அத்தான் ஜன்னல் வழியே, தன் வீட்டு வாசலை, அந்த ஊருக்கு அன்றுதான் வந்து சேர்ந்த ஒருவர் பார்ப்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ம்" என்றார் அந்த அம்மாள்.

கரி வண்டி நகர்ந்தது.

கடைசி நிறுத்தம் ஆற்றின் மேலே இருக்கிற மேடு. அங்கிருந்து முழு ஊரும் தெரியும். இறங்கியதும் காற்று முகத்தில் அறைந்தது. வடக்கத்திக் காற்று, பேச வாயைத் திறந்தால் பல்லுக்குள் புகுந்துகொள்ளும். கொஞ்ச நேரம் சுற்றிப் பார்க்க விட்டார்கள். அவள் தொப்பியைப் பிடித்துக்கொண்டு அந்த வயதான அண்ணன் தங்கைக்கு எதையோ காட்டிக்கொண்டிருந்தாள். கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னாள், தெரியாததைத் தெரியாது என்றும் சொன்னாள். அத்தான் கம்பி வேலியோரம் தனியாக நின்றார். மேற்பார்வை அம்மாள் மெதுவாக நடந்து வந்து அவர் பக்கத்தில் நின்றுகொண்டார். நானும் அக்காவும் காற்றுக்கு ஒதுங்குவதுபோல் கிட்டே போனோம்.

"எங்கேருந்து வர்றீங்க?"

"தெக்கேருந்துங்க." அது உண்மை. எப்போது வந்தார் என்று அந்த அம்மாள் கேட்கவில்லை.

"ஊரப் பாக்கறது இதான் மொத தடவையா?"

"ஆமாங்க" என்றார் அத்தான். கொஞ்சம் நிறுத்தி, "இதான் மொத தடவ" என்று திரும்பவும் சொன்னார். அதிலும் பொய் இல்லை.

"என்ன வேலை பாக்கறீங்க?"

அத்தானுக்குப் பொய் வராது. கல்யாணத்துக்குப் பெண் பார்க்க வந்தபோதே சம்பளத்தைக் குறைத்துச் சொன்ன ஆள் அவர், கூட்டிச் சொல்லிவிடுவோமோ என்ற பயத்தில். இப்போது வாயைத் திறந்தார், மூடினார், கீழே ஊரைப் பார்த்தார். பிறகு, "ஏறி எறங்கற வேலைங்க" என்றார்.

அக்கா கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

"கஷ்டமான வேலைதான்" என்றார் அந்த அம்மாள். அவர் முகத்திலிருந்து எதையும் படிக்க முடியவில்லை. "இந்தக் குளிருக்கு உங்க கோட்டு பத்தாது" என்று மட்டும் சேர்த்துச் சொன்னார்.

அப்போது விற்பனைக்காரர் எல்லோரையும் கூப்பிட்டார். ஒரு போட்டோ எடுத்தே ஆக வேண்டுமாம். ஏறும்போது சலித்துக்கொண்டவர் இப்போது எங்களுக்கெல்லாம் தூரத்துச் சொந்தம் மாதிரி ஆகிவிட்டிருந்தார், ஆளாளுக்குத் தோளைப் பிடித்து வரிசை கட்டினார். "கைடம்மா, நீங்களும் வாங்க. நீங்க இல்லாம என்ன போட்டோ?"

"இல்லங்க, நான் எடுக்கறேன்" என்றாள் அவள்.

"அதெல்லாம் முடியாது. மேடம் எடுப்பாங்க" என்று சொல்லித் தன் போனை மேற்பார்வை அம்மாளின் கையில் திணித்துவிட்டார்.

வரிசையில் இடம் இருந்தது ஒரே இடத்தில்தான். அக்காவுக்கும் அத்தானுக்கும் நடுவே. அவர்கள் வேண்டுமென்று விட்டார்களா, உடம்பு தானாக விட்டதா, தெரியவில்லை. அவள் ஓரமாக என் மனைவிக்குப் பக்கத்தில் நிற்கப் பார்த்தாள். விற்பனைக்காரர், "நடுவுல, நடுவுல" என்றார். அவள் போய் நின்றாள். இரண்டு பக்கமும் ஒரு சாண் இடைவெளி விட்டு, கைகளை முன்னால் கோத்துக்கொண்டு, முன்பின் தெரியாதவர்களிடையே நிற்கிற மரியாதையோடு நின்றாள்.

அந்த மூக்கை என்ன செய்வது? அத்தானுடைய மூக்கு நடுவில் சின்னதாக எழும்பி நுனியில் இடது பக்கம் ஒதுங்கும், அவளுடையதும் அப்படியேதான். தனித்தனியாகப் பார்த்தால் தெரியாது. இப்படிப் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்திவைத்து, மேலே வானத்தையும் கீழே ஊரையும் விட்டுப் பார்த்தால், குழந்தைகூடச் சொல்லிவிடும்.

அந்த அம்மாள் போனை முகத்துக்கு நேரே பிடித்தார். மோவாயை உயர்த்தித் திரையைப் பார்த்தார். இரண்டு விரலைத் திரையில் வைத்து, எதையோ பெரிதாக்குவதுபோல் மெல்ல விரித்தார். நாங்கள் சிரித்தபடி காத்திருந்தோம். சிரிப்பு முகத்தில் உறையத் தொடங்கியது. அவர் எடுக்கவில்லை. போனைக் கொஞ்சம் இறக்கி, மோவாயைத் தாழ்த்தி ஒருமுறை எங்களை நேராகப் பார்த்தார். திரும்பவும் திரையைப் பார்த்தார்.

"ரொம்பத் தள்ளித் தள்ளி நிக்கிறீங்க" என்றார். "கொஞ்சம் நெருங்கி நில்லுங்க."

யாரும் அசையவில்லை. காற்றுதான் அசைந்தது. ஆற்றிலிருந்து மேலேறி வந்து அக்காவின் சால்வையை ஒரு பக்கமாகப் பிடுங்கி, விரித்து, பக்கத்தில் நின்ற பெண்ணின் தோளில் போட்டது. சால்வையின் ஓரம் அவள் கழுத்தில் படபடத்து, அத்தானின் கோட்டுப் பொத்தானில் போய் மாட்டிக்கொண்டது. அக்கா அதை இழுக்கக் கையைத் தூக்கினாள், பாதியில் நிறுத்தினாள். அவர்கள் மூவரும் அந்த ஒரு துணிக்குள் நேராகப் பார்த்தபடி நின்றார்கள். அந்த அம்மாளின் கட்டைவிரல் போனின் பொத்தானுக்கு மேலே காத்துக்கொண்டிருந்தது.